கொட்டகலையில் ஒரு கடன் கணக்கு

ஹட்டன் நிலையத்தை விட்டுப் புறப்படும் புகையிரதம் சிறிது தூரம் செல்வதற்குள் சிங்கமலைச் சுரங்கத்தினுள் நுழைந்துவிடுகிறது. இலங்கையிலுள்ள நீண்ட புகையிரதச் சுரங்கங்களுள் இதுவும் ஒன்று. அரைக் கிலோமீற்றரிலும் சற்று அதிகம். இருள் சூழ்ந்ததும் பெட்டியிலிருந்த பிள்ளைகள் யாவரும் ஒரே குரலிற் கூவினார்கள். எனக்கு எதிரே அமர்ந்திருந்த முதியவர் ஒருவரும் அவர்களோடு சேர்ந்து கூவினார். பின்பு வெட்கத்தோடு என்னைப் பார்த்து, "சின்ன வயசுப் பழக்கம்" என்றார். சுரங்கத்தின் மறுவாயில் முதலில் ஒரு வெள்ளிக் காசு போலத் தோன்றி, வரவரப் பெருத்து, ஈற்றிற் பச்சை மலைகளாய் விரிந்தது. அம்மலைகளின் மடியில் இருப்பதுதான் கொட்டகலை.

2023ஆம் ஆண்டு தைப்பொங்கல் கழிந்த வாரத்தில் அங்கே சென்றிருந்தேன். பேராதனைப் பல்கலைக்கழகத்தில் என்னோடு ஒரே அறையில் இருந்து கற்ற நண்பர் ஒருவர் அவ்வூரில் ஆசிரியராக இருக்கிறார். இருபது ஆண்டுகளாக அவர் அழைப்பதும், நான் ஏதேனும் சாக்குச் சொல்லித் தப்புவதுமாகக் காலம் கழிந்துவிட்டது. யாழ்ப்பாணத்து வெயிலிற் பிறந்து வளர்ந்தவனுக்குத் தை மாதத்து மலைக்குளிர் என்றால் ஓர் அச்சம். அந்த அச்சம் வீண் போகவில்லை. கடல்மட்டத்திலிருந்து நாலாயிரம் அடிக்கு மேலே, மாலை நான்கு மணிக்கே மூடுபனி தெருவிலே இறங்கி, கடைகளின் மின்விளக்குகளைச் சுற்றி நின்றுகொண்டது.

ஊர் என்று சொன்னால் ஒரே தெருதான். அவிசாவளையிலிருந்து ஹட்டன் வழியாக நுவரெலியாவுக்குச் செல்லும் நெடுஞ்சாலையின் இருமருங்கிலும் கடைகள். மரக்கறிக் கடையில் லீக்ஸும் கரட்டும் கோவாவும் மலை மலையாகக் குவிந்திருக்கின்றன. அப்பால், சாலை பத்தனையை நோக்கி வளைந்து செல்கிறது. டெவன் நீர்வீழ்ச்சியையும் சென்கிளயர் நீர்வீழ்ச்சியையும் காணச் செல்வோர் இவ்வழியாகவே போகின்றனர். டிரேட்டன், ரொசிட்டா, மேபீல்ட், ஸ்டோனிகிளிப் என்று ஆங்கிலப் பெயர் சூடிய தோட்டங்கள் சுற்றிலும் உள்ளன. ஸ்கொட்லாந்திலும் இங்கிலாந்திலும் எங்கோ கிடக்கும் சிற்றூர்களை நினைந்து துரைமார் இட்ட பெயர்கள் போலும். தொழிலாளர் வாயில் அவை உருமாறி நல்ல தமிழாகிவிட்டன.

இத்தனையும் சொன்னது, நான் மலைநாட்டுக் காட்சிகளை வருணிக்கப் போகிறேன் என்று வாசகர் எண்ணுவதற்காக அன்று. வருணிக்கத்தான் போனேன். ஆனால் அவ்வூரில் நான் தங்கிய மூன்று நாளில் இரண்டு நாள் கணக்குப் பார்ப்பதிலேயே கழிந்துவிட்டது. வணிகக் கல்வி கற்பிப்பவன் எங்கே போனாலும் அவனுக்கு வாய்ப்பது அதுதான்.

நண்பரின் மருமகன், அதாவது அவருடைய சகோதரியின் புதல்வன், அமெரிக்காவில் நியூ ஜேர்சி மாநிலத்தில் வேலை பார்க்கிறான். தோட்டத்து லயத்திற் பிறந்து, கல்வியினால் உயர்ந்த பிள்ளை. பொங்கலுக்கு வந்திருந்தவன், நான் வந்த அன்று இரவே கைப்பேசியை எடுத்துக்கொண்டு என்னிடம் வந்தான்.

"சேர், ஒரு சந்தேகம். நான் ஒரே கம்பனியில 300 பங்கு வாங்கியிருக்கேன். ஆனா கணக்குல அது ரெண்டு வரியாக் காட்டுது. ஒரு வரியில 200, 'காசு' என்று. மற்ற வரியில 100, 'மார்ஜின்' என்று. ஒரே சாமான் எப்படி சேர் ரெண்டு விதமாகும்?"

நல்ல கேள்வி. பலர் கேளாமலே விட்டுவிடும் கேள்வி. அதற்கு விடை கூறுமுன், நாங்கள் அமர்ந்திருந்த அந்த மலையைப் பற்றியே சில வார்த்தைகள் சொல்ல வேண்டும். ஏனெனில் அந்த மலையும் ஒரு காலத்தில் இதே போன்ற இரண்டு வரிகளில் எழுதப்பட்டதுதான்.

இந்த மலைகளில் முதலிற் பயிரானது தேயிலையன்று, கோப்பி என்பதை மாணவர் அறிவர். கோப்பித் தோட்டம் திறந்த துரைமாரிற் பலர் கைப்பணம் உடையவரல்லர். காடழிக்கவும் கன்று நடவும் கூலி கொடுக்கவும் வங்கியிலும், கொழும்பிலிருந்த ஏஜென்சிக் கம்பனிகளிலும் கடன் வாங்கினர். பிணையாகக் கொடுத்தது அத்தோட்டத்தையே. அன்றேல் இனி விளையப் போகும் கோப்பியையே. விலை உயர்ந்தவரை எல்லாம் இன்பமே. 1847, 1848ஆம் ஆண்டுகளில் இலண்டனிற் கோப்பி விலை சரிந்தபோது கடன்பட்ட தோட்டங்கள் கிடைத்த விலைக்குக் கைமாறின. மீண்டும் தழைத்தது கோப்பி, மீண்டும் கடன். 1869ஆம் ஆண்டில் இலைத்துரு நோய் தோன்றியது. பதினைந்து ஆண்டுகளில் எல்லாம் முடிந்தது. 1884ஆம் ஆண்டு மே மாதத்தில் ஒறியன்டல் வங்கி கதவை மூடியது. அவ்வங்கியின் நோட்டுக்களே நாட்டிற் பணமாக வழங்கிய காலம் அது. ஆளுநர் சேர் ஆதர் கோர்டன் அந்நோட்டுக்களுக்கு அரசாங்கம் பொறுப்பேற்கும் என்று அறிவித்த பின்பே மக்கள் அமைதியுற்றனர். அதே 1884இற்றான் புகையிரதப் பாதை ஹட்டன் வரை வந்து சேர்ந்தது. கோப்பிக்காகத் திட்டமிட்ட பாதை. வந்து சேர்ந்தபோது ஏற்றக் கோப்பியில்லை! நல்லவேளையாக, 1867இல் லூல்கந்துரவில் ஜேம்ஸ் டெய்லர் நட்டுக் காட்டிய தேயிலை இருந்தது.

கோப்பி துரைமார் எல்லோருக்கும் நோய் ஒன்றே. ஆனால் முடிவு ஒன்றன்று. கடனின்றிக் கைப்பணத்தாற் தோட்டம் வைத்திருந்தவன் கோப்பியைப் பிடுங்கி எறிந்துவிட்டுச் சிங்கோனாவோ தேயிலையோ நட்டுக் காத்திருக்க முடிந்தது. கடன்பட்டவனுக்குக் காத்திருக்கும் உரிமை இல்லை. எப்பொழுது விற்பது என்பதை அவன் தீர்மானிப்பதில்லை, கடன் கொடுத்தவன் தீர்மானிக்கிறான். காசு வரிக்கும் மார்ஜின் வரிக்கும் உள்ள வேற்றுமையின் உயிர்நிலை இங்கேதான் இருக்கிறது.

தேயிலைத் தோட்டங்களை நடத்தத் தனிமனிதர் கடன் போதாதென்று கண்டு, பங்கு மூலதனத்துடன் கம்பனிகள் அமைந்தன. அக்கம்பனிகளின் பங்குகளை வாங்கி விற்பதற்காகவே 1896ஆம் ஆண்டிற் கொழும்பிலே பங்குத் தரகர் சங்கம் தோன்றியது. இன்றைய கொழும்புப் பங்குச் சந்தையின் வித்து அதுவே. நம் மலையகத்துக் கொழுந்திலிருந்து முளைத்த சந்தை என்று சொன்னாற் பிழையில்லை.

நிற்க. பையனுடைய கேள்விக்கு வருவோம்.

பங்கு வாங்குவோன் தரகரிடம் கணக்குத் திறக்கிறான். அக்கணக்கு இருவகைப்படும். காசுக் கணக்கில், கைப்பணம் எவ்வளவோ அவ்வளவுக்கே வாங்கலாம். வாங்கிய பங்கு முழுதும் வாங்கியவனுடையது. விலை பாதாளத்துக்குப் போனாலும் அதனை விற்கும்படி ஒருவரும் அவனை வற்புறுத்த முடியாது. மார்ஜின் கணக்கில், அவன் ஒரு பங்கு பணம் போட, தரகரோ வங்கியோ மறு பங்கைக் கடனாகக் கொடுக்கிறது. வாங்கிய பங்குகளே கடனுக்குப் பிணையாகத் தரகரிடம் நிற்கின்றன. நகையை அடகு வைக்கும்போது நாம் முன்னமே வைத்திருந்த நகையைக் கொடுத்துப் பணம் பெறுகிறோம். இதுவோ, கடைக்காரனிடமே கடன் வாங்கி, அவனிடமே நகையை வாங்கி, அதனை அவனிடமே விட்டுவிட்டு வீடு திரும்புவது போன்றது! அடகுக் கடையில் தவணை முடியும் வரை நகை பெட்டிக்குள் இருக்கும். இங்கே தங்கத்தின் விலை இன்று இறங்கிற்றா என்று நாள்தோறும் பார்த்துக்கொண்டிருப்பார்கள், இறங்கினால், "இன்னும் கொஞ்சம் பணம் கொண்டு வா, இல்லையேல் நகையை விற்போம்" என்பார்கள்.

ஓர் உதாரணம் எடுத்துக்கொண்டோம். மேசையில் இருந்த பழைய அப்பியாசக் கொப்பியில் எழுதியே காட்டினேன். ஒருவனிடம் 100,000 ரூபா இருக்கிறது. பங்கொன்றின் விலை 100 ரூபா. காசுக்கு வாங்கினால் 1,000 பங்கு. இன்னும் 100,000 ரூபா கடன் வாங்கினால் 2,000 பங்கு. விலை 130 ஆகிவிட்டால், முன்னவனுக்கு 30,000 இலாபம். பின்னவனுக்கு வட்டி நீங்கலாக 60,000. இந்த இடத்திலே பையனுடைய முகம் மலர்ந்தது. எல்லோருடைய முகமும் இந்த இடத்தில் மலரும்.

விலை 70 ஆக இறங்கினால்? காசுக்காரனிடம் 70,000 ரூபா பெறுமதியான பங்கு இருக்கிறது. வருந்துவான், உறங்குவான். மார்ஜின்காரனிடமுள்ள பங்கின் பெறுமதி 140,000. கடன் 100,000. அவனுடையது 40,000 மாத்திரமே. ஆண்டு வட்டி 20 வீதமென்றால் அதிலும் 20,000 போய்விடும். இன்னும் கேளுங்கள். பங்கின் பெறுமதியிற் பாதிக்கு மேற் கடன் நிற்கக்கூடாது என்று உடன்படிக்கையில் இருக்கிறதென்று வைத்துக்கொள்வோம். 140,000இன் பாதி 70,000. ஆகவே, வட்டியை விட்டுவிட்டாலும், அவன் உடனே 30,000 ரூபா கொண்டுவர வேண்டும். கையிற் காசு இல்லையெனின் பங்கை விற்க வேண்டும். எவ்வளவு விற்பது? 30,000க்கு என்று எண்ணுவோம். அன்று, 60,000 ரூபாவுக்கு விற்க வேண்டும். அப்பொழுதுதான் 80,000 ரூபாப் பங்கும் 40,000 ரூபாக் கடனும் மிஞ்சி, கணக்குப் பாதிக்கு வரும். விலை வீழ்ந்திருக்கும் அந்த நாளிலேயே விற்க வேண்டும் என்பதைக் கவனிக்க. எல்லோரும் அன்றைக்கே விற்பதால் விலை மேலும் வீழும். வீழ்வதால் மேலும் பலர் விற்க நேரும்.

1929ஆம் ஆண்டு ஒக்டோபரில் நியூயோர்க்கில் நிகழ்ந்தது இதுதான். அக்காலத்தில் 10 டொலரைக் கையிலிருந்து போட்டு 90 டொலரைக் கடனாக வாங்கிப் பங்கு பிடித்தோர் இருந்தனர். அவ்வாண்டு செப்டெம்பரில் 381 ஆக நின்ற டவ் ஜோன்ஸ் சுட்டெண் 1932 யூலையில் 41 ஆயிற்று. அதன் பின்பே, 1934ஆம் ஆண்டுச் சட்டத்தினால், எவ்வளவு கடன் கொடுக்கலாம் என்று வரையறுக்கும் அதிகாரம் மத்திய வங்கிக்கு அளிக்கப்பட்டது. 1974 முதல் அங்குள்ள விதி, வாங்கும்போது பாதியேனும் கைப்பணமாக இருக்க வேண்டும் என்பது. பின்பு விலை இறங்கினாலும் தன் பங்கு மொத்தப் பெறுமதியில் 25 வீதத்துக்குக் குறையலாகாது. தரகர் பலர் அதனினும் அதிகம் கேட்கின்றனர்.

பையனுடைய இரண்டு வரிக்கு விளக்கம் இப்பொழுது எளிது. அமெரிக்காவில் ஒரே கணக்கினுள்ளேயே இவ்விரு வகையும் அருகருகே இருக்கலாம். அவன் முதன்முதல் 200 பங்கு வாங்கியபோது கணக்கு வெறும் காசுக் கணக்கு. பின்பொருநாள், "மார்ஜின் வசதி வேண்டுமா?" என்று திரையிற் கேட்ட பெட்டியில் ஆராயாமல் ஒரு சரி போட்டிருக்கிறான். அதற்குப் பின் வாங்கிய 100 பங்கும் மார்ஜின் வரியிற் போய் அமர்ந்துவிட்டன.

"அப்போ எனக்குக் கடன் இருக்கா சேர்?"

மார்ஜின் வரியில் பங்கு இருப்பதனால் மாத்திரம் கடன் உண்டென்று ஆகாது. கடன் வாங்காதவரை வட்டியும் இல்லை. கடன் உண்டா என்பதை அறிய, காசு மீதி என்ற இடத்தைப் பார்க்க வேண்டும். அங்கே எண்ணுக்கு முன்னால் ஒரு சிறு கோடு, கழித்தற் குறி, இருக்கிறதா? பார்த்தோம். இருந்தது. 6,000 டொலர்.

சிறிது நேரம் யாரும் பேசவில்லை. அடுப்படியிலிருந்து தேநீருடன் வந்த நண்பரின் மனைவி எங்கள் முகங்களைப் பார்த்துவிட்டு, கோப்பைகளை ஓசைப்படாமல் வைத்துவிட்டுப் போனார். மாதக் கூற்றுக்களைப் புரட்டினோம். மாதந்தோறும் ஏறத்தாழ 60 டொலர் வட்டியாகக் கழிக்கப்பட்டிருந்தது. ஆண்டுக்கு 12 வீதம். இலாபப் பங்கும் சம்பளச் சேமிப்பும் அதே கணக்கில் வந்து சேர்ந்ததால் அவனுக்குத் தெரியவில்லை. கையிலிருந்த பணத்துக்கு மேலாக வாங்கும்படி கட்டளையிட்டபோது, "பணம் போதாது" என்று திரை சொல்லவில்லை. சொல்லியிருக்கும், காசுக் கணக்காக இருந்திருந்தால்.

வேறும் சில வேற்றுமைகளை அவனுக்கு எடுத்துச் சொன்னேன். காசு வரியிலுள்ள, முழுப்பணமும் செலுத்திய பங்கைத் தனியாக நம் சம்மதம் பெறாமல் தரகர் பிறருக்கு இரவல் கொடுக்க இயலாது. மார்ஜின் வரியில் உள்ளதை, நம் கடனுக்கேற்ற ஓர் எல்லைக்குள், தாமே பிறருக்கு இரவல் கொடுக்கவோ பிணை வைக்கவோ இயலும். கடன் மீதியின் 140 வீதம் வரை என்பது அங்குள்ள விதி. இரவற் போன நாளில் வாக்குரிமை நம்மிடம் இராது. இலாபப் பங்குக்குப் பதிலாக வேறொரு பெயரிற் பணம் வரும். அதற்கு வரிச் சலுகை கிடையாமற் போகலாம். காசு வரிக்கும் தனக்கே உரிய இடர் உண்டு. விற்ற பணம் கைக்கு வந்து தீருமுன் அதனைக் கொண்டு வாங்கி, வாங்கியதை உடனே விற்றால், தவறென்று குறித்துக் கணக்கைத் தொண்ணூறு நாள் கட்டிவைப்பார்கள். அன்று தீர்வுக்கு இரண்டு நாள் சென்றது. 2024 மே மாதம் முதல் அமெரிக்காவில் அது ஒரு நாளாகிவிட்டது. பொறுமையற்றவருக்கு இது ஒரு தொல்லை. எனக்கு இது தொல்லையாகத் தோன்றவில்லை.

"எப்படியும் சேர், அந்த 200 பங்கு காசு வரியில பத்திரமா இருக்கே" என்றான்.

அதுவும் முழு உண்மையன்று. உடன்படிக்கையைத் திறந்து காட்டச் சொன்னேன். கணக்கிலுள்ள சொத்து எதுவாயினும் கடனுக்குப் பொறுப்பு என்று எழுதியிருந்தது. அழைப்பு விடாமலே விற்கலாம். எதனை விற்பது என்பதைத் தரகரே தெரிவு செய்யலாம். தவணை கேட்கும் உரிமை வாடிக்கையாளருக்கு இல்லை. இவை ஒளித்து வைத்த சங்கதிகளல்ல. அங்கே எல்லா மார்ஜின் உடன்படிக்கைகளிலும் அச்சிட்டுக் கொடுப்பவையே. படித்தவர் எத்தனை பேர் என்பது வேறு.

இவ்வளவு நேரமும் வாய் திறவாதிருந்த நண்பர் அப்பொழுதுதான் பேசினார். "எனக்கு அழைப்பு வந்தது மூன்றாம் பாடவேளையில்" என்றார்.

அவருடைய கதையை அவர் சொன்னவாறே சுருக்கித் தருகிறேன். 2009இல் யுத்தம் முடிந்தபின் கொழும்புப் பங்குச் சந்தை உலகமே வியக்கும்படி ஏறியது. அவ்வாண்டு இரு மடங்குக்கு மேல். மறு ஆண்டும் ஏறக்குறைய இரு மடங்கு. ஆசிரியர் ஓய்வறையிலும் பஸ் தரிப்பிலும் அதே பேச்சு. நண்பருடைய தாயார் இந்தத் தோட்டத்திலேயே ஏறத்தாழ நாற்பது ஆண்டு கொழுந்து பறித்து ஓய்வு பெற்றவர். அவருடைய ஊழியர் சேமலாப நிதிப் பணம் வங்கியிற் கிடந்தது. அம்மாவுக்கென்று கொட்டகலைப் பட்டினத்தருகே பத்துப் பேர்ச் காணி வாங்க வேண்டும் என்பது நண்பரின் ஆசை. லயத்தில் வாழ்ந்தோருக்குச் சொந்தக் காணி என்பது எத்தகைய கனவு என்பதை வடக்கில் வளவும் வேலியுமாக வாழும் நாம் எளிதில் உணரமாட்டோம். பணம் காணிக்குப் போதவில்லை. பங்கிற் போட்டு இரட்டிப்பாக்கினாற் போதும். தரகர் ஒருவர் அதன் மேல் கடனும் கொடுத்தார்.

2011 பெப்ரவரியில் சுட்டெண் 7,800ஐத் தொட்டது. அதன் பின் இறக்கம். தரகர் கொடுக்கும் கடனுக்குப் பிணையங்கள் ஆணைக்குழு கட்டுப்பாடு கொண்டுவர, கட்டாய விற்பனை என்ற சொல் எல்லோர் வாயிலும் அடிபட்டது. 2012ஆம் ஆண்டின் நடுப்பகுதியில் சுட்டெண் 5,000க்குக் கீழே நின்றது. நண்பருக்கு வகுப்பறையிற் தொலைபேசி அழைப்பு. இரண்டு நாளிற் பணம் கட்ட வேண்டும். மனைவியின் காப்புகளை ஹட்டனில் அடகு வைத்துக் கட்டினார். அடுத்த மாதம் மறு அழைப்பு. அப்பொழுது அடகு வைக்க ஒன்றுமில்லை. விற்றார்கள். அம்மாவின் பணம் போனது மட்டுமன்றி, தரகருக்குக் கொடுக்க வேண்டிய மிச்சமும் இருந்தது. அதனைக் கட்டி முடிக்க மூன்று ஆண்டு. காப்புகள் மூழ்கிப் போயின.

"அவர் பேரில் குற்றமில்லை. நான் கையெழுத்து வைத்த காகிதத்தில் எல்லாம் இருந்தது" என்றார் நண்பர். எனக்கு அது முழுமையான தீர்ப்பாகத் தோன்றவில்லை. ஒரு கொழுந்துக்காரியின் ஓய்வுப் பணத்தின் மேற் கடன் கொடுப்பவனுக்கும் ஒரு கடமை உண்டென்றே நினைக்கிறேன். அன்று அதனைச் சொல்லவில்லை.

மறுநாட் காலை, அந்தத் தாயாரையே கண்டேன். எண்பதைக் கடந்தவர். முற்றத்திற் கம்பளி போர்த்து வெயில் காய்ந்துகொண்டிருந்தார். "வாங்க வாத்தியாரய்யா" என்று அருகில் இருக்கச் செய்தார். பேச்சினிடையே பேரன், "அம்மாயி, அந்தப் பெட்டியைக் காட்டுங்க" என்றான். தகரப் பெட்டி. உள்ளே பிறப்புப் பத்திரங்கள், பிரசாவுரிமைப் பத்திரம், கணவரின் மரணப் பத்திரம், பழைய சம்பளச் சீட்டுகள். 1948ஆம் ஆண்டுச் சட்டத்தாற் பிரசாவுரிமை இழந்து, 1964ஆம் ஆண்டு ஒப்பந்தத்தினால் இந்தியாவுக்கென்றும் இலங்கைக்கென்றும் பங்கிடப்பட்ட மக்களின் வீட்டில், காகிதம் என்பது வெறுங் காகிதமன்று. ஒரு துண்டு தவறினாற் குடும்பமே நாடற்றதாகும் என்று கண்டவர்கள் அவர்கள். அந்தப் பெட்டியின் அடியில், துணியிற் சுற்றி, ஒரு பங்குப் பத்திரம் இருந்தது.

எனக்கு வியப்பு. பின்பு நினைவு வந்தது. 1972இலும் 1975இலும் அரசுடைமையான தோட்டங்களின் நிருவாகம் 1992இல் மீண்டும் தனியார் கைக்குப் போயிற்று. அவ்வாண்டு அமைந்த கம்பனிகளுள் ஒன்று கொட்டகலையின் பெயரையே தாங்கியது. இவ்வூரின் பெயர் பின்பு பங்குச் சந்தைப் பட்டியலிலும் ஏறியது. இவ்வாறமைந்த கம்பனிகளின் பங்குகளை விற்றபோது, பத்து வீதம் ஊழியருக்கு இலவசமாக அளிக்கப்பட்டது. நாள் முழுதும் கூடை சுமந்த பெண் ஒருத்தி, தான் கொழுந்து பறிக்கும் தோட்டக் கம்பனிக்கு ஒரு துளி உடைமைக்காரியானாள். என்ன கொடுத்தார்கள், எதற்குக் கொடுத்தார்கள் என்று விளங்கவில்லை. ஆனாலும் வாங்கி வைத்துக்கொண்டார்.

"2010ல மகன் இதையும் கேட்டான், வித்துப் போடலாமென்னு. நான் குடுக்கல்ல. காயிதம் வீட்டைவிட்டுப் போனா திரும்பி வராது" என்றார் கிழவி.

சந்தையில் விற்க வேண்டுமானால் அப்பத்திரத்தை முதலில் மத்திய வைப்புத் தொகுதியில் ஒப்படைத்துக் கணக்கிற் பதிய வேண்டும். பெட்டியிலிருக்கும் காகிதமாக விற்க முடியாது. அதனை விளக்கினேன். அவர் தலையசைத்துக் கேட்டுவிட்டுப் பத்திரத்தை மீண்டும் துணியிற் சுற்றினார். அதிலிருந்த பங்குகள் சிலவே, பெரும் பணமாகாது. ஆனால் அதன் மேல் யாருக்கும் ஒரு சதக் கடனும் இல்லை.

அவர் ஒரு பழைய கதையும் சொன்னார். அவருடைய பாட்டன் காலத்தில் 'துண்டு' என்று ஒன்று இருந்ததாம். கங்காணியிடம் வாங்கிய முற்பணக் கடனோடுதான் தொழிலாளி தோட்டத்துக்கு வருவான். வேறு தோட்டத்துக்குப் போக விரும்பினால், அக்கடனைத் தீர்ப்பவரிடம் ஆட்களை விட்டுவிடச் சம்மதம் என்று துரை எழுதிக் கொடுக்கும் சீட்டே துண்டு. கடன் ஒரு கையிலிருந்து மறு கைக்கு மாற, ஆளும் அதனோடு மாறுவான். 1921இற் சட்டத்தினால் அம்முறை ஒழிந்தது. கிழவி இதனைப் பேரனுக்காகச் சொல்லவில்லை. தன் பாட்டனின் நினைவாகவே சொன்னார். பேரன் மாத்திரம் கைப்பேசியைச் சட்டைப் பைக்குள் வைத்துவிட்டுக் கேட்டுக்கொண்டிருந்தான்.

அன்று பிற்பகல் தேயிலை மலையூடாக நடந்தோம். தொழிற்சாலைப் பக்கமிருந்து வாடும் கொழுந்தின் பச்சை வாசனை காற்றிற் கலந்து வந்தது. வழியெல்லாம் பேச்சு 2022ஐப் பற்றியே. அவ்வாண்டு தொடக்கத்திற் சுட்டெண் 13,000ஐக் கடந்திருந்தது. ஏப்பிரல் 8ஆந் திகதி மத்திய வங்கி தன் வட்டி வீதங்களை ஒரேயடியாக 7 வீதப் புள்ளிகள் உயர்த்தியது. ஏப்பிரல் 18 முதல் ஒரு வாரம் பங்குச் சந்தையே மூடிக்கிடந்தது. வங்கிகள் தம் சிறந்த வாடிக்கையாளரிடம் வாங்கும் வட்டியும் 20 வீதத்தைத் தாண்டிற்று. ஆனால் வேடிக்கை என்னவென்றால், ரூபாவின் பெறுமதி வீழ்ந்ததனால் தேயிலை ஏலத்தில் ரூபா விலை என்றுமில்லாத உயரம் சென்றது. அன்று தேயிலைக் கம்பனிப் பங்குகளே நல்லவை என்று எண்ணியவன் பிழையாக எண்ணவில்லை. ஆயினும் அவற்றை மார்ஜினில் வாங்கி, அருகில் வேறு கம்பனிப் பங்குகளையும் வைத்திருந்தவனுக்கு, மற்றவை வீழ்ந்ததற்காக இவற்றையும் விற்க நேர்ந்திருக்கும். எண்ணம் சரியாயிருந்தாலும், அது சரியென்று தெளியும் நாள் வரை காத்திருக்க விடமாட்டார்கள்.

மாணவருக்கு வகுப்பிலே இக்காலம் ஒரு வினா கொடுப்பதுண்டு. ஒரே விலையில், ஒரே நாளில், ஒரே பங்கை இருவர் வாங்கினர், விலை பாதியாகி, மீண்டும் பழைய நிலைக்கு வந்தது, ஒருவனுக்கு நட்டமில்லை, மற்றவனுக்குச் சர்வமும் நட்டம், எப்படி? முன்வரிசைப் பிள்ளைகள் கூட முதலில் திகைப்பார்கள். கொட்டகலைப் பிள்ளைகளிடம் கேட்டால் விரைவில் விடை வரும் என்றார் நண்பர். தீபாவளி முற்பணம் வாங்கிவிட்டுச் சம்பளச் சீட்டில் அது மாதாமாதம் கழிவதைப் பார்த்து வளர்ந்தவர்கள் அல்லவா?

மூன்றாம் நாட் காலை புறப்பட்டேன். மாமனும் மருமகனும் நிலையம் வரை வந்தனர். தண்டவாளத்தின் மேல் மூடுபனி. மேடையில் எங்களோடு ஒரு நாயும் இரண்டு மரக்கறி மூட்டைகளும். பையன் இரவே முடிவு செய்துவிட்டானாம். மார்ஜின் வரியிலுள்ள பங்குகளில் 6,000 டொலருக்கு வேண்டியவற்றை விற்றுக் கடனைத் தீர்ப்பது. மிஞ்சியதைக் காசு வரிக்கு மாற்றும்படி தரகருக்கு எழுதுவது. அந்த மார்ஜின் வசதியையே நீக்கிவிடும்படியும் கேட்பது. அம்மாயிக்குக் காணி வாங்குவது ஓர் ஆண்டு பிந்தும்.

"இப்ப ஏன் விக்கிற? பங்குனிக்குள்ள விலை கூடும். பொறுத்து வித்தா வட்டியும் சேர்ந்து வந்துடும்" என்றார் நண்பர்.

நான் திகைத்து அவரைப் பார்த்தேன். காப்புகளை மூழ்க விட்டவர், மூன்று ஆண்டு கடன் கட்டியவர், அவர்தான்!

"மாமா, கூடாட்டி?"

"கூடும்டா. அந்தக் கம்பனி நல்ல கம்பனி."

"கம்பனி நல்ல கம்பனிதான் மாமா. கணக்குத்தானே வேற."

புகையிரதம் வந்துவிட்டது. ஏறி அமர்ந்து சாளரத்தின் வழியே கையசைத்தேன். அவர்கள் இருவரும் என்னை மறந்து வாதாடிக்கொண்டிருந்தார்கள். வண்டி நகர்ந்து சுரங்கத்தினுள் நுழைந்தது. பிள்ளைகள் கூவினார்கள். இம்முறை நானும் சேர்ந்து கூவினேன்.